நைல் நதிக்கரைக் குடியானவர் மகன்

கொழும்பு நகரில் ஒரு தெருவுக்கு அராபி பாஷாவின் பெயரை இட்டிருக்கிறார்கள். கண்டியில் அவர் குடியிருந்த வீட்டை நினைவு நிலையமாக்கி வைத்திருக்கிறார்கள். எகிப்து நாட்டிலோ, அவர் தம் படையுடன் அரண்மனை முன் நின்ற செப்டம்பர் 9-ஆம் நாள் இன்று உழவர் திருநாள். இத்தனைக்கும் அவர் போரில் வென்றவர் அல்லர். முடிவான போரில் ஒரு மணி நேரத்துக்குள் தோற்றவர். தோற்றதோடு, நாட்டை அந்நியர் கையில் விட்டவர் என்ற பழியையும் சுமந்தவர். தோற்றவருக்குத் தெரு எதற்கு, திருநாள் எதற்கு? இக்கேள்வி என்னை உறுத்தியதால் அவர் வரலாற்றைத் தேடிப் படித்தேன். படித்ததை நம் சங்க நண்பர்களோடு பகிர்ந்துகொள்ளவே இக்கட்டுரையை எழுதுகிறேன்.

நான் வரலாறு பயின்றவன் அல்லன், இரசாயனத்தில் எம்.எஸ்ஸி. பயில்பவன். ஆய்வுக்கூடத்தில் ஒரு சோதனை தோற்றுவிட்டால், கேட்ட கேள்வி தவறா, கையாண்ட கருவி தவறா, செய்த முறை தவறா என்று மூன்றையும் தனித்தனியே பார்க்க வேண்டும் என்பது எங்களுக்குக் கற்பிக்கப்படும் முதற் பாடம். கருவி உடைந்ததற்காகக் கேள்வியைக் குப்பையில் எறிந்துவிடுவதில்லை. அராபி பாஷாவின் வாழ்க்கையையும் அவ்வாறு பிரித்துப் பார்த்தால் நமக்கு நன்மை உண்டு என்று நம்புகிறேன்.

குடியானவரும் துருக்கியரும்

அகமது அராபி 1841-ஆம் ஆண்டு எகிப்தின் ஷர்கியா மாகாணத்தில், ஸகாஸிக் நகருக்கு அருகில் ஹிரிய்யா ரஸ்னா என்னும் சிற்றூரில் பிறந்தார். அரபு மொழியில் அவர் பெயரை உராபி என்றே ஒலிப்பர். ஆங்கிலேயர் வாயில் அது அராபி ஆயிற்று. அந்த வடிவமே நம் பக்கத்திலும் பரவியது. தந்தையார் ஊர்த் தலைவர்; மார்க்கக் கல்வி உடையவர்; பெருஞ்செல்வர் அல்லர். அராபி சிறுவராக இருக்கும்போதே அவர் காலமானார். பின்னர் அராபி கெய்ரோ நகரத்துக்குச் சென்று, புகழ்பெற்ற அல்-அஸ்ஹர் கலாசாலையில் சில ஆண்டுகள் பயின்றார். பிற்காலத்தில் படைவீரரும் பாமரரும் அவர் பேச்சைக் கேட்டு மயங்கி நின்றார்கள் என்றால், அதற்கு வேண்டிய சொல்வளம் அங்கே கிடைத்ததுதான்.

அன்றைய எகிப்தில் ஆள்பவர் வேறு, உழைப்பவர் வேறு. பெயரளவில் நாடு துருக்கி சுல்தானுக்கு உட்பட்டது. ஆனால் 1805 முதல் முகம்மது அலி என்ற தளபதியும் அவர் வழியினருமே அதை ஆண்டு வந்தனர். முகம்மது அலி பிறந்த ஊர் இன்று கிரேக்க நாட்டில் இருக்கும் கவாலா. அவர் குடும்பத்தார் அரண்மனையில் பேசிய மொழி துருக்கி. படையிலும் அரசாங்கத்திலும் உயர்ந்த நாற்காலிகளெல்லாம் துருக்கியருக்கும் சர்க்காசியருக்கும் உரியவை. மண்ணின் மக்களாகிய அரபு மொழிக் குடியானவரைப் பெல்லாஹ் என்று அழைப்பர். அந்தச் சொல்லை மேல்தட்டினர் வசவாகவே வழங்கினர். பெல்லாஹ் உழலாம், வரி கட்டலாம், கூலியின்றிக் கால்வாய் வெட்டலாம், சிப்பாயாகித் துப்பாக்கி தூக்கலாம். ஆணையிடும் இடத்துக்கு மட்டும் வரக்கூடாது. வரி கொடுக்கத் தவறினால் நீர்யானைத் தோலால் செய்த குர்பாஜ் என்னும் சாட்டை முதுகில் பேசும்.

1854-இல் பட்டத்துக்கு வந்த சையது பாஷா இந்த வழக்கத்தைச் சற்றே தளர்த்தினார். ஊர்த் தலைவர்களின் மக்களைப் படையில் சேர்க்கச் சொன்னார். பதினான்கு வயதை ஒட்டிய அராபியும் அப்படிச் சேர்ந்தவரே. எழுதப் படிக்கத் தெரிந்த இளைஞர் என்பதால் வேகமாக உயர்ந்தார். பதினேழு வயதில் லெப்டினென்ட், இருபதில் லெப்டினென்ட் கர்னல். சையது பாஷா எரிச்சலோடு எறிந்த நெப்போலியன் வரலாற்று நூலொன்றைத் தாம் எடுத்துப் படித்ததாகவும், எகிப்தியரும் ஒழுங்காகப் பயிற்சி பெற்றால் எவருக்கும் தாழ்ந்தவரல்லர் என்ற எண்ணம் அப்போது முளைத்ததாகவும் அராபி பிற்காலத்தில் கூறியிருக்கிறார். 1863-இல் சையது இறந்ததும் காற்று மாறி அடித்தது. புதிய அரசர் இஸ்மாயில் பழைய சர்க்காசியப் பிரபுக்களையே தாங்கினார். அராபி ஆண்டுக்கணக்கில் இருந்த பதவியிலேயே இருந்தார். சர்க்காசிய மேலதிகாரி ஒருவரோடு முரண்பட்டு ஒருமுறை வேலையையும் இழந்தார். சில காலம் கழித்தே மீண்டும் சேர்த்துக்கொள்ளப்பட்டார்.

கடன் என்னும் வலை

அராபி ஏன் எழுந்தார் என்பதை அறிய, எகிப்து எப்படிக் கடனில் விழுந்தது என்பதை அறிந்தாக வேண்டும். 1861 முதல் 1865 வரை நடந்த அமெரிக்க உள்நாட்டுப் போரால் உலகச் சந்தையில் பருத்தி விலை உச்சிக்கு ஏறியது. எகிப்தில் பணம் புரண்டது. அந்த நாள் நிலைக்கும் என்று எண்ணிய இஸ்மாயில் இருப்புப்பாதை, தந்தி, பாலம், துறைமுகம், பள்ளிக்கூடம் என்று எங்கும் வேலை தொடங்கினார். இவற்றில் பல நாட்டுக்கு நல்லவை. ஆனால் மாளிகைகளும் எழுந்தன. 1869 நவம்பரில் சூயஸ் கால்வாய்த் திறப்பு விழாவுக்கு ஐரோப்பிய மன்னர் குடும்பங்களை அழைத்துப் பணத்தைத் தண்ணீராக இறைத்தார். போர் முடிந்து பருத்தி விலை விழுந்த பிறகும் செலவு குறையவில்லை. இடைவெளியைக் கடன் நிரப்பியது.

அந்தக் கடனின் தன்மையைப் பாருங்கள். 1873-இல் 320 லட்சம் பவுனுக்குப் பத்திரம் எழுதினார்கள். கைக்கு வந்தது ஏறத்தாழ 200 லட்சம் பவுன்தான். மிச்சமெல்லாம் கழிவும் தரகும். வட்டியோ முழுத் தொகைக்கும் கட்ட வேண்டும். இஸ்மாயில் பட்டத்துக்கு வந்தபோது குறைவாக இருந்த கடன், 1876-இல் 900 லட்சம் பவுனை எட்டியது. அதற்கு முந்திய ஆண்டிலேயே கால்வாய்க் கம்பெனியில் எகிப்துக்கு இருந்த 1,76,602 பங்குகளையும் ஏறத்தாழ 40 லட்சம் பவுனுக்குப் பிரிட்டன் வாங்கிக்கொண்டது. எந்தக் கால்வாயை வெட்ட எகிப்தியக் குடியானவர் கூலியின்றி மண் சுமந்தார்களோ, அதில் எகிப்துக்குப் பங்கே இல்லை என்றாயிற்று.

1876-இல் கடன் வசூலுக்கென்றே ஐரோப்பியர் ஒரு நிலையத்தைக் கெய்ரோவில் அமைத்தனர். பிரிட்டிஷ் கண்காணிப்பாளர் ஒருவரும் பிரெஞ்சுக் கண்காணிப்பாளர் ஒருவரும் எகிப்தின் வரவு செலவைக் கையில் எடுத்துக்கொண்டனர். 1879-இல் சிக்கன நடவடிக்கை என்று சொல்லி ஏறத்தாழ 2,500 படை அதிகாரிகளைப் பாதிச் சம்பளத்தில் வீட்டுக்கு அனுப்பினர். அவர்களுள் பெரும்பாலோர் உள்நாட்டு எகிப்தியர். அதே ஆண்டு ஜூனில், ஐரோப்பிய அரசுகளின் வற்புறுத்தலால் சுல்தான் இஸ்மாயிலை நீக்கி, அவர் மகன் தௌபீக்கைப் பட்டத்தில் வைத்தார். 1880-இல் வந்த சட்டம் நாட்டு வருவாயில் ஏறத்தாழப் பாதியைக் கடனுக்கே ஒதுக்கியது. உழுகிறவன் வீட்டில் அடுப்பு எரிந்ததோ இல்லையோ, லண்டனிலும் பாரிஸிலும் வட்டி தவறாமல் போய்ச் சேர்ந்தது.

அப்தீன் அரண்மனை முன்

1881 தொடக்கத்தில் போர் மந்திரியாக இருந்த உஸ்மான் ரிப்கி என்ற சர்க்காசியர், சிப்பாய் நிலையிலிருந்து எகிப்தியர் அதிகாரிகளாக உயரும் வழியை அடைக்க முற்பட்டார். கர்னல் அராபியும், அலி பஹ்மி, அப்துல் ஆல் என்ற வேறு இரு கர்னல்களும் மந்திரியை நீக்கக் கோரி விண்ணப்பம் எழுதினர். பிப்ரவரி 1-ஆம் நாள் ஒரு திருமண ஊர்வல ஏற்பாட்டைக் காரணம் காட்டி மூவரையும் நைல் கரையிலுள்ள கஸ்ருல் நீல் பாசறைக்கு வரவழைத்து, ஆயுதங்களைப் பறித்துச் சிறைப்படுத்தினர். செய்தி அறிந்த அவர்களுடைய படையினர் பாசறைக்குள் புகுந்து மூவரையும் மீட்டுக்கொண்டு போயினர். தௌபீக் மந்திரியை நீக்கினார். அந்த இடத்துக்கு மகமூது சாமி அல்-பாரூதி வந்தார். அவர் போர்வீரர், அரபு மொழிக் கவிதைக்குப் புத்துயிர் அளித்த பெருங்கவிஞருமாவார்.

சம்பளத்தையும் பதவி உயர்வையும் பற்றிய பட்டாளத்து வழக்காக இது முடிந்திருக்கலாம். அவ்வாறு முடியாமற் போனதற்குக் காரணம் உண்டு. ஊர்த் தலைவர்களும் சிறு நிலக்காரர்களும் நகரத்து எழுத்தாளர்களும் தங்கள் குறைகளை அராபியிடம் கொண்டுவந்தனர். ஆள்பவரிடம் அஞ்சாமல் பேசக்கூடிய ஒரு பெல்லாஹ் கர்னலை அவர்கள் அதற்கு முன் கண்டதில்லை.

1881 செப்டம்பர் 9-ஆம் நாள் பிற்பகல், ஏறத்தாழ 2,500 வீரர்களோடும் பீரங்கிகளோடும் அராபி கெய்ரோவில் அப்தீன் அரண்மனைச் சதுக்கத்தை அடைந்தார். தௌபீக் கீழே இறங்கி வந்தார். பக்கத்தில் பிரிட்டிஷ் கண்காணிப்பாளர் ஆக்லண்டு கால்வின் நின்றார். குதிரையை விட்டு இறங்கி வாளை உறையில் இடும்படி தௌபீக் பணிக்க, அராபி அப்படியே செய்தார். பின்னர் மூன்று கோரிக்கைகளை எடுத்துரைத்தார். மந்திரிசபை நீங்க வேண்டும். மக்கள் பிரதிநிதிகள் சபையைக் கூட்ட வேண்டும். படையின் அளவை 18,000 ஆக்க வேண்டும். இந்நாட்டைத் தாம் முன்னோரிடமிருந்து சொத்தாகப் பெற்றதாகத் தௌபீக் சொன்னார் என்றும், தாங்கள் கடவுளால் சுதந்திரராகப் படைக்கப்பட்டவர்கள், இனி எவருக்கும் பரம்பரைச் சொத்தாக இருக்கமாட்டார்கள் என்று தாம் விடையிறுத்ததாகவும் அராபி தம் நினைவுக் குறிப்பில் எழுதியிருக்கிறார். எகிப்தியப் பள்ளிப் பிள்ளைகள் இன்று அறிந்திருக்கும் அராபி, அந்த விடையைச் சொன்ன அராபிதான். அவர் கேட்ட கேள்வியும் அதுவே: மண்ணில் உழைப்பவர் அம்மண்ணின் ஆட்சியில் பங்காளிகளா, அல்லது ஆள்பவரின் உடைமையா?

அன்று ஒரு துப்பாக்கியும் வெடிக்கவில்லை. ஷரீப் பாஷா பிரதம மந்திரியானார். டிசம்பர் 26-இல் பிரதிநிதிகள் சபை கூடியது. சபையினர் கேட்டது மிகச் சிறியது. கடனுக்கும் சுல்தானுக்குக் கட்டும் கப்பத்துக்கும் ஒதுக்கியது போக, எஞ்சிய பாதி வருவாயை எவ்வாறு செலவிடுவது என்று முடிவு செய்யும் உரிமை தங்களுக்கு வேண்டும் என்றனர். கண்காணிப்பாளர்கள் அதற்கும் இணங்கவில்லை. தௌபீக்கின் அதிகாரத்தைக் காப்போம் என்று 1882 ஜனவரி 8-இல் பிரிட்டனும் பிரான்சும் கூட்டு அறிக்கை விடுத்தன. மிரட்டல் வேறு விதமாக வேலை செய்தது. நாட்டார் எல்லாரும் அராபியின் பக்கம் சாய்ந்தனர். பிப்ரவரியில் பாரூதி பிரதம மந்திரியானார். குடியானவர் மகன் அராபி போர் மந்திரியானார்.

டெல்-எல்-கபீர்

1882 மே மாதம் பிரிட்டிஷ், பிரெஞ்சுப் போர்க்கப்பல்கள் அலெக்சாந்திரியாத் துறைமுகத்துக்கு வந்தன. அராபி நாட்டை விட்டு வெளியேற வேண்டும் என்று இரு நாடுகளும் கட்டளையிட்டன. ஜூன் 11-ஆம் நாள் அந்நகரில் மால்டாக்காரன் ஒருவனுக்கும் எகிப்தியன் ஒருவனுக்கும் மூண்ட சண்டை பெருங் கலவரமாகி, ஏறத்தாழ ஐம்பது ஐரோப்பியரும் அவர்களினும் மிகுதியான எகிப்தியரும் உயிரிழந்தனர். அராபி அப்போது கெய்ரோவில் இருந்தார். ஆயினும் பழி அவர்மேல் விழுந்தது. ஜூலை 11 காலையில் அட்மிரல் சீமூரின் கப்பல்கள் நகரக் கோட்டைகள்மேல் குண்டு மாரி பொழிந்தன. பிரெஞ்சுக் கப்பல்கள் அதற்கு முன்பே விலகிச் சென்றுவிட்டன. நகரம் தீப்பற்றி எரிந்தது. தௌபீக் பிரிட்டிஷாரிடம் அடைக்கலம் புகுந்து, தம் போர் மந்திரியையே கலகக்காரர் என்று அறிவித்தார். கெய்ரோவிலோ உலமாக்களும் காப்திக் கிறிஸ்தவர் தலைவரும் பிரமுகர்களும் கூடி, அராபியே நாட்டுக் காவலை நடத்த வேண்டும் என்று தீர்மானித்தனர்.

அப்போது பிரிட்டிஷ் பிரதம மந்திரியாக இருந்தவர், சிறு நாடுகளின் உரிமை பற்றி மேடைகளில் முழங்கி வந்த கிளாட்ஸ்டன். அவருடைய சொந்தப் பணத்தில் ஒரு பகுதி எகிப்தியக் கடன் பத்திரங்களில் போடப்பட்டிருந்தது என்பதையும் இங்கே நினைவில் கொள்ளலாம்.

அலெக்சாந்திரியாவுக்குத் தெற்கே கபருத் தவ்வாரில் அராபியின் அரண்கள் பிரிட்டிஷாரை வாரக்கணக்கில் தடுத்து நிறுத்தின. ஆனால் ஜெனரல் வுல்ஸ்லி கிழக்கே திரும்பினார். சூயஸ் கால்வாய் வழியே படையைக் கொண்டுவந்து ஆகஸ்டு 20-ஐ ஒட்டி இஸ்மாயிலியாவைப் பிடித்தார். கால்வாயைத் தூர்த்துவிட வேண்டும் என்று எகிப்தியத் தளபதிகள் முன்பே சொல்லியிருந்தனர். கால்வாய் நடுநிலையானது, பிரிட்டிஷார் அதில் படை நடத்தமாட்டார்கள் என்று அதைக் கட்டிய லெஸ்ஸெப்ஸ் உறுதி கூற, அராபி அவ்வுறுதியை நம்பிக் காலம் கடத்தினார். ஒரு மனிதரின் வாக்கை நம்பி ஒரு நாட்டின் வாசலைத் திறந்து வைத்தது, போர்த் தலைவர் என்ற முறையில் அவர் செய்த பெரும் பிழை. அரண் அமைப்பில் வல்லவரான மகமூது பஹ்மியும் ஆகஸ்டு இறுதியில் பகைவர் கையில் சிக்கினார். செப்டம்பர் தொடக்கத்தில் சுல்தானும் அராபியைக் கலகக்காரர் என்று அறிவிக்க, மார்க்கப்பற்று மிகுந்த வீரர்களின் உள்ளம் கலங்கியது.

முடிவு டெல்-எல்-கபீர் என்னும் மணல் மேட்டில் வந்தது. செப்டம்பர் 12 இரவு, விளக்கும் ஓசையும் இன்றி, விண்மீன்களையே வழிகாட்டியாகக் கொண்டு பிரிட்டிஷ் படை பாலைவனத்தில் நடந்து வந்தது. 13-ஆம் நாள் வைகறையில் பதுங்கு குழிகள்மேல் பாய்ந்தது. ஒரு மணி நேரத்துக்குள் எல்லாம் முடிந்தது. பிரிட்டிஷ் தரப்பில் இறந்தவர் 57. எகிப்தியர் ஏறத்தாழ 2,000. சூடானியரும் எகிப்தியருமான சில பிரிவினர் கடைசி வரை நின்று மடிந்தனர் என்பதைப் பகைவரே பதிவு செய்திருக்கின்றனர். மறுநாளே கெய்ரோ பணிந்தது, அராபியும் சரணடைந்தார்.

இந்தப் போரில் நாம் அறிந்திருக்க வேண்டிய செய்தி ஒன்று உண்டு. வுல்ஸ்லியின் படையில் இந்தியப் பட்டாளங்களும் இருந்தன. பெங்களூரைத் தலைமையிடமாகக் கொண்ட சென்னை சாப்பர்ஸ் பொறியியற் படையின் இரு கம்பெனிகள் அவற்றுள் அடங்கும். டெல்-எல்-கபீர் என்ற பெயர் அப்படையின் வீர விருதுகளில் பொறிக்கப்பட்டிருக்கிறது. அப்படையில் தமிழ் பேசுவோர் மிகுதி. அதனால் அதன் வீரர்களைத் தம்பிகள் என்றே அழைப்பது வழக்கம். இந்தியப் படைக்கான செலவில் பெரும்பகுதியும் இந்தியக் கருவூலத்தின் தலையில் விழுந்தது. தானும் அடிமையாய் இருந்த நாடு, இன்னொரு நாட்டை அடிமையாக்க ஆளும் கொடுத்தது, பணமும் கொடுத்தது. கடமையைச் செய்த அந்தச் சிப்பாய்களை நான் குறை கூறவில்லை. யாருக்காக யாரோடு போரிடுகிறோம் என்று கேட்கும் உரிமை அவர்களுக்கு இல்லை. அராபி கேட்டதும் அந்த உரிமையைத்தான்.

கண்டிச் சீமையில்

தௌபீக் அராபியைத் தூக்கிலிடவே விரும்பினார். வில்பிரிட் பிளண்ட் என்ற ஆங்கிலக் கவிஞர் தம் பணத்தைச் செலவிட்டு, பிராட்லி என்ற வழக்கறிஞரைக் கெய்ரோவுக்கு அனுப்பினார். பிற்காலத்தில் அயர்லாந்து நாடக இயக்கத்துக்குத் தாயாக விளங்கிய கிரிகரி சீமாட்டியும் அராபிக்கு ஆதரவாக எழுதினார். கொடுமை செய்தவர் இங்கிலாந்தில் இருந்தது போலவே கொடுமையைத் தட்டிக் கேட்டவரும் அங்கே இருந்தனர். டிசம்பர் 3-ஆம் நாள் விசாரணை சில நிமிடங்களில் முடிந்தது. மரண தண்டனை வாசிக்கப்பட்டு, உடனே ஆயுட்கால நாடுகடத்தலாக மாற்றப்பட்டது. அராபி, பாரூதி, மகமூது பஹ்மி, அலி பஹ்மி, அப்துல் ஆல், துல்பா, யாகூப் சாமி ஆகிய எழுவரும் குடும்பத்தாரோடு கப்பலேறி, 1883 ஜனவரியில் கொழும்புத் துறைமுகத்தில் இறங்கினர்.

இலங்கை முஸ்லிம்கள் கூட்டம் கூட்டமாக வந்து அவர்களை வரவேற்றனர். கண்டியைச் சேர்ந்த சித்திலெவ்வை என்ற வழக்கறிஞர் அப்போதுதான் முஸ்லிம் நேசன் என்ற தமிழ்ப் பத்திரிகையைத் தொடங்கியிருந்தார். தமிழ் நாவல்களுள் மிக முந்தியவற்றில் ஒன்றான அசன்பே சரித்திரத்தை 1885-இல் வெளியிட்டவரும் அவரே. அக்கதையின் தலைவன் எகிப்தில் பிறந்தவன். தம் சமூகத்துப் பிள்ளைகள் புதுக் கல்வி பெறாமல் பின்தங்குகிறார்களே என்று கவலையுற்றிருந்த சித்திலெவ்வைக்கு, அராபி பாஷா உற்ற துணையானார். அவர்களும் வாப்பிச்சி மரிக்காரும் வேறு பலரும் முயன்றதன் பயனாக 1892-இல் கொழும்பு மருதானையில் ஒரு பள்ளி எழுந்தது. அதுவே இன்று புகழோடு விளங்கும் ஸாஹிராக் கல்லூரி. தம் நாட்டில் சபை கூட்டக் கேட்டுத் தோற்றவர், வந்த நாட்டில் பள்ளி கூட்டி வென்றார்.

அதே ஆண்டு அவர் கண்டிக்குக் குடிபெயர்ந்தார். கண்டி என்றதும் என் குடும்பத்துக் கதை நினைவுக்கு வருகிறது. என் தாத்தா கண்டியை அடுத்த தேயிலைத் தோட்டத்து லயம் ஒன்றில் பிறந்தவர். 1964-ஆம் ஆண்டின் சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தத்தின்படி தலைமன்னாரில் கப்பலேறி, இராமேசுவரத்தில் இறங்கி, நீலகிரியில் குடியேறியவர். அவருடைய முன்னோர் வறட்சிக்கும் கடனுக்கும் அஞ்சிக் கண்டிச் சீமைக்குப் போன காலமும், அராபி பாஷா அங்கே காவலில் இருந்த காலமும் ஏறத்தாழ ஒன்றே. காப்பிச் செடி நோயால் அழிந்து தேயிலை பரவிய காலம் அது. தோட்டத்தில் துண்டு என்றொரு முறை இருந்தது. கங்காணியும் அவன் ஆட்களும் பட்ட கடனை ஒரு சீட்டில் எழுதுவார்கள். அந்தத் தொகையைக் கட்டும் வேறு தோட்டத்துக்கு ஆட்கள் மாற்றப்படுவார்கள். கடனும் கூடவே போகும். 1921-இல்தான் அம்முறை ஒழிக்கப்பட்டது. எகிப்தின் கடன் பத்திரத்தைப் பற்றிப் படித்தபோது எனக்கு இந்தத் துண்டுச் சீட்டே கண்முன் நின்றது. தனி மனிதன் ஆயினும் ஒரு நாடு ஆயினும், கணக்குப் புத்தகம் பிறன் கையில் இருக்கும்வரை கடன் தீர்வதில்லை, ஆள்தான் கைமாறுகிறான்.

பதினெட்டு ஆண்டுகள் அந்தத் தீவில் கழிந்தன. அராபி ஆங்கிலம் கற்றார். வந்தவரோடெல்லாம் அன்புடன் பழகினார். ஊர் திரும்ப மனுமேல் மனு எழுதினார். அப்துல் ஆல் 1891-இலும், மகமூது பஹ்மி 1894-இலும், யாகூப் சாமி 1900-இலும் இலங்கை மண்ணிலேயே மறைந்தனர். பாரூதி மனைவியை இழந்த துயரையும் பிரிவின் துயரையும் கவிதையாக்கினார். கண்ணொளி மங்கிய நிலையில் நாடு திரும்பி 1904-இல் காலமானார்.

திரும்பி வந்தவர்

1901-இல், பின்னாளில் ஐந்தாம் ஜார்ஜ் மன்னரான இளவரசர் இலங்கைக்கு வந்தார். அவரைச் சந்தித்த பின் அராபியின் மன்றாட்டு பலித்தது. தௌபீக்கின் மகன் இரண்டாம் அப்பாஸ் மன்னிப்பு வழங்கினார். அவ்வாண்டிலேயே அராபி தாயகம் வந்து சேர்ந்தார். அறுபது வயது முதியவர், என்ன எண்ணங்களோடு சூயஸ் கரையில் கால் வைத்திருப்பார்!

வரவேற்பு கசப்பாக இருந்தது. முஸ்தபா காமில் தலைமையில் எழுந்த புதிய தலைமுறைத் தேசியவாதிகள், அந்நியரை உள்ளே அழைத்துவந்த தோல்விக்காரர் என்று அவரை ஏசினர். அரண்மனைக் கவிஞராக இருந்த அகமது ஷவ்கி அவரை எள்ளிக் கவிதை பாடினார். பறிமுதலான சொத்துகள் திரும்பவில்லை. தெருவில் நடந்தால் முகம் திருப்பிக்கொண்டவர்களும் இருந்தனர். அரசர் தண்டித்ததைவிட, யாருக்காகத் தண்டனை பெற்றாரோ அவர்களே தூற்றியது அம்முதியவரைச் சுட்டிருக்கும். 1911 செப்டம்பர் 21-ஆம் நாள் கெய்ரோவில் காலமானார். டெல்-எல்-கபீர் போர் நடந்த அதே செப்டம்பர் மாதம்.

ஆனால் விதைத்தது வீணாகவில்லை. அராபி இயக்கத்தில் சேர்ந்ததற்காக இளமையில் வேலையும் இழந்து சிறையும் கண்ட சாத் ஸக்லூல், 1919-இல் நாடு தழுவிய கிளர்ச்சியின் தலைவரானார். அவரையும் பிரிட்டிஷார் முதலில் மால்டாவுக்கும் பின்னர் சேஷெல்ஸ் தீவுக்கும் நாடுகடத்தினர். 1952 ஜூலையில் படை அதிகாரிகள் முகம்மது அலி வமிசத்தின் ஆட்சியைக் கவிழ்த்தனர். நிலச் சீர்திருத்தச் சட்டத்தை அவர்கள் பிறப்பித்த நாள் 1952 செப்டம்பர் 9. அராபி அப்தீன் முன் நின்று எழுபத்தொரு ஆண்டுகள் நிறைந்த நாள். உழவர் திருநாள் அந்நாளில் அமைந்தது இதனால்தான். 1956 ஜூனில் கடைசிப் பிரிட்டிஷ் வீரன் வெளியேறினான். ஜூலை 26-இல் நாசர் கால்வாயை நாட்டுடைமை ஆக்கினார். அராபியின் படத்துக்கு மாலை விழுந்தது. நூல்கள் வெளிவந்தன.

இங்கும் ஒரு செய்தியைச் சொல்லாமல் விட முடியவில்லை. அராபி கேட்டவற்றில் படையின் பெருக்கமும் இருந்தது. மக்கள் சபையும் இருந்தது. பின்வந்த படைத் தலைவர்கள் முதலாவதை எடுத்துக்கொண்டு இரண்டாவதைத் தள்ளி வைத்தனர். 1953 ஜனவரியில் அரசியல் கட்சிகள் எல்லாம் கலைக்கப்பட்டன. அராபியைப் போற்றிய ஆட்சியிலேயே அராபியைப் போல் அரண்மனை முன் நின்று கேட்க இயலாது என்றாயிற்று. 2011 ஜனவரியில் லட்சக்கணக்கான மக்கள் கெய்ரோவின் தஹ்ரீர் சதுக்கத்தில் கூடி முப்பதாண்டு ஆட்சியொன்றை அசைத்தனர். அச்சதுக்கத்துக்கு முன்னாளில் கடன் வாங்கிய இஸ்மாயிலின் பெயர் இருந்தது. 1881-இல் அராபியைச் சிறைப்படுத்திய கஸ்ருல் நீல் பாசறை நின்றதும் அதன் அருகில்தான். 130 ஆண்டுகள் கழிந்தும் கேள்வி அதே இடத்துக்கு வந்து நின்றது.

இனித் தொடக்கத்தில் சொன்ன மூன்றையும் பிரித்துப் பார்க்கலாம். அராபியின் கருவி பழுதுடையது. அவர் படை பயிற்சியிலும் தளவாடத்திலும் பகைவருக்கு ஈடாகவில்லை. செய்முறையிலும் குறை உண்டு. கால்வாயை அடைக்காமல் விட்டார், எதிரியின் சொல்லை நம்பினார், படையை நடத்தும் திறத்தில் பெரிய தளபதி என்று பெயர் பெறவில்லை. அவர் கேள்வியோ சரியானது. காமிலும் ஷவ்கியும் இந்த மூன்றையும் ஒன்றாகக் கட்டிக் கடலில் எறிந்தனர். பிற்காலத்தார் மூன்றையும் ஒன்றாகக் கட்டிப் பீடத்தில் ஏற்றினர். இரண்டும் அவருக்குச் செய்த நீதி ஆகாது.

நண்பர்களே, வென்றவர் வரலாறு கற்களில் பொறிக்கப்பட்டு நம் பாடப் புத்தகங்களுக்குத் தானாகவே வந்துவிடுகிறது. தோற்றவர் வரலாற்றை நாம்தான் தேடிப் போக வேண்டும். தேடிப் போனால், கைரேகை வைத்துக் கடன் பட்ட குடியானவர், கூலியின்றிக் கால்வாய் வெட்டியவர், பிறர் போரில் மடிந்த சிப்பாய், லயத்தில் பிறந்து லயத்தில் இறந்தவர் என்று பல முகங்களை வழியில் காண்கிறோம். அவர்கள் சார்பில் ஒரு நாள் ஒருவர் குதிரையிலிருந்து இறங்கி, வாளை உறையில் இட்டு, தலைநிமிர்ந்து நின்று கேட்டார். விடை தாமதமாகலாம். கேட்டவர் பெயரை நாம் மறவாதிருப்போம்.